தாடை முறிவுக்குக் குறியீடு: மருத்துவர் எழுதியதும் நாம் அறிந்ததும்

உங்கள் கேள்வியை ஒருமுறை திருப்பிச் சொல்லிவிடுகிறேன். படிக்கும் மற்றவர்களுக்கும் விஷயம் விளங்கும். அறுவைச் சிகிச்சைக் குறிப்பில் "இடது பாராசிம்ஃபைசிஸ் முறிவு, வலது சப்காண்டைலார் முறிவு. 22, 23 பற்களுக்கு இடையே ஈறு கிழிந்து முறிவுக் கோடு தெரிந்தது. இடதுபுறம் திறந்து நேராக்கித் தகடு பொருத்தப்பட்டது, மேல், கீழ்ப் பற்கள் கம்பியால் கட்டப்பட்டன" என்று இருந்தது (முதலாவது முகவாயின் நடுக்கோட்டுக்கு அருகே, இரண்டாவது தாடை மூட்டு முனைக்குக் கீழே). அதற்கு நீங்கள் எஸ்02.609பி என்று ஒரே நோயறிதல் குறியீடு இட்டீர்கள். தணிக்கையாளர் திருப்பி அனுப்பிவிட்டார். தாடை உடைந்தது உண்மை, திறந்து செய்ததும் உண்மை, பிறகு பிழை எங்கே என்று கேட்கிறீர்கள்.

கேட்டது எந்தக் குறியீடு என்பதைத்தான். ஆனால் அதற்கு அடியில் இன்னொரு கேள்வி இருக்கிறது: குறிப்பில் உள்ள சொல்லிலிருந்து நாமாக எவ்வளவு தூரம் போகலாம்? உங்கள் ஒரே குறியீட்டில் இரு திசையிலும் தவறு நடந்திருக்கிறது. '609' என்ற இடத்தில் மருத்துவர் எழுதியதைவிடக் குறைவாகப் படித்திருக்கிறீர்கள். 'பி' என்ற இடத்தில் அவர் எழுதாததைச் சேர்த்துப் படித்திருக்கிறீர்கள்.

நான் பல் மருத்துவம் படித்துவிட்டு, மருத்துவக் குறிப்புகளுக்குக் குறியீடு இடும் கோடிங் தொழிலுக்கு வந்தவன். பல ஆண்டுகள் குறியீடு இட்டேன், இப்போது தணிக்கை செய்கிறேன். தாடை எலும்பைக் கையில் பிடித்துப் படித்தது எனக்கு உதவியும் செய்தது, உபத்திரவமும் செய்தது. உபத்திரவத்தைப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் சந்தேகமே இல்லாத பகுதி. நோய்களுக்கும் காயங்களுக்கும் அமெரிக்காவில் பயன்படும் ஐசிடி-10-சிஎம் குறியீட்டுத் தொகுதியில் கீழ்த்தாடை முறிவுகள் எஸ்02.6 என்பதன்கீழ் வருகின்றன. ஐந்தாவது இடத்து எண் உடைந்த பகுதியைச் சொல்கிறது: 1 காண்டைல் (காதருகே மூட்டில் பொருந்தும் முனை), 2 சப்காண்டைலார் (அதற்குக் கீழே), 3 கோரனாய்டு (காண்டைலுக்கு முன்னால் உள்ள கூர்முனை), 4 ராமஸ் (பின்புறம் மேல்நோக்கி எழும் பகுதி), 5 தாடைக் கோணம், 6 சிம்ஃபைசிஸ் (முகவாயின் நடு), 7 பற்கள் பதிந்திருக்கும் அல்வியோலஸ், 9 குறிப்பிடப்பட்ட வேறு இடம். பூஜ்யம் சற்றே குழப்பமானது. தாடையின் உடல் பகுதியும், இடமே தெரியாத முறிவும் அதில் ஒண்டுக்குடித்தனம் செய்கின்றன. ஆறாவது இடம் பக்கத்துக்கு: 1 வலது, 2 இடது, 0 பக்கம் தெரியாதது. நடுக்கோட்டில் இருக்கும் சிம்ஃபைசிஸுக்கும் 'வேறு இடம்' என்பதற்கும் பக்கம் கிடையாது. அங்கே எக்ஸ் என்ற இடநிரப்பி உட்காரும். ஏழாவது எழுத்தில் முறிவு எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பது வரும்.

எஸ்02.609 என்பது "கீழ்த்தாடை முறிவு, இடம் குறிப்பிடப்படவில்லை" என்று பொருள்படும். மருத்துவர் வெறுமனே தாடை முறிவு என்று எழுதி, வேறு எங்கும் விவரமே கிடைக்காதபோது போய் நிற்க வேண்டிய இடம் அது. (அகரவரிசைப் பட்டியலில் 'தாடை' என்று தேடினால் கீழ்த்தாடைக்குத்தான் அனுப்பும், மேல்தாடை என்றால் அப்படிச் சொல்லியாக வேண்டும்.) உங்கள் மருத்துவரோ இரண்டு இடங்களையும் இரண்டு பக்கங்களையும் எழுதியிருக்கிறார். அத்தனையையும் விட்டுவிட்டு 609-க்குப் போனது ஏன் என்று ஊகிக்க முடிகிறது: இரண்டு முறிவுகள் இருப்பதால் 'பல இடங்கள்' என்று ஒரு பொதுக் குறியீடு தேடியிருப்பீர்கள், கிடைக்கவில்லை.

அப்படித் தேடுவது பழைய பழக்கத்தின் மிச்சம். 2015 அக்டோபர் 1-க்கு முன் அமெரிக்காவில் இருந்த ஐசிடி-9-சிஎம் தொகுதியில் 802.29 என்று பல இட முறிவுக்குத் தனிக் குறியீடு இருந்தது. உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10-இலும் மண்டை, முக எலும்புகளின் பல முறிவுக்கு எஸ்02.7 உண்டு. சிஎம் தொகுதியில் அது கிடையாது. ஒவ்வொரு முறிவுக்கும் தனித்தனிக் குறியீடு. காண்டைல் இரு பக்கமும் உடைந்தால்கூட 'இருபுறமும்' என்று ஒன்று இல்லை. வலதுக்கு ஒன்று, இடதுக்கு ஒன்று. முகவாய்க்கட்டை தரையில் மோத விழுபவர்களுக்கு நடுவில் சிம்ஃபைசிஸும் இரு பக்கக் காண்டைல்களும் சேர்ந்து உடைவதுண்டு. அணிவகுப்பில் நின்றபடியே மயங்கி விழும் காவல் வீரர்களை வைத்து அதற்குக் காவலர் முறிவு என்று பெயர். அந்த ஒரு விழுதலுக்கு மூன்று குறியீடுகள்.

பழைய கையேடு வைத்திருப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. வலது, இடது என்ற பிரிவு 2016 அக்டோபர் 1 அன்றுதான் இந்தக் குறியீடுகளில் சேர்ந்தது. அதற்கு முந்தைய ஓராண்டில் காண்டைல் முறிவுக்கு எஸ்02.61எக்ஸ்ஏ என்று எழுதினோம். அது இப்போது செல்லாது. யாரோ எப்போதோ தட்டச்சு செய்து கை மாறி வந்த பட்டியல்களில் அது இன்னும் உயிரோடு இருப்பதைப் பார்க்கிறேன்.

இனி உங்கள் வலது பக்கம். சப்காண்டைலார், வலது: எஸ்02.621. இதில் விவாதமே இல்லை. ஒன்றை மட்டும் சரிபாருங்கள். சிடி அறிக்கையில் கதிரியக்க மருத்துவர் 'காண்டைல் கழுத்து' என்று எழுதியிருந்தால், கழுத்து காண்டைல் முனைப்பின் பகுதி; அது 611-க்குப் போகும். சப்காண்டைலார் என்பது அந்தக் கழுத்துக்கும் கீழே. சில மில்லிமீட்டர் வித்தியாசம்தான், ஆனால் இருவரும் வேறு வேறு சொல் எழுதுவது அன்றாடம் நடக்கிறது. மருத்துவர் முறிவு என்று மட்டும் எழுதி, அறிக்கை இடத்தைத் துல்லியமாகச் சொன்னால் அந்தத் துல்லியத்தை அறிக்கையிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். இருவரும் முரண்பட்டால் நாம் நடுவராக முடியாது. சிகிச்சைக்குப் பொறுப்பான மருத்துவரிடம் கேட்க வேண்டும்.

இடது பக்கம்தான் சிக்கல். பாராசிம்ஃபைசிஸ் என்பது நடுக்கோட்டுக்குப் பக்கத்தில், கோரைப்பல் வரையிலான பகுதி. முக அறுவைச் சிகிச்சையாளர்கள் தினமும் பத்து முறை சொல்லும் சொல் இது. ஆனால் குறியீட்டுத் தொகுதியில் இந்தச் சொல்லுக்கென ஓர் இடம் இல்லை, அகரவரிசைப் பட்டியலிலும் இல்லை. ஆகவே மூன்று வழக்கங்கள் உலவுகின்றன. சிலர் சிம்ஃபைசிஸோடு சேர்த்து எஸ்02.66எக்ஸ் இடுகிறார்கள், முன் தாடை என்ற அளவில் இரண்டும் அண்டை வீடுகள் என்பது அவர்கள் வாதம். சிலர் தாடையின் உடல் பகுதி என்று கொண்டு எஸ்02.602 இடுகிறார்கள், அதில் இடது என்ற விவரமாவது மிஞ்சும். மூன்றாவது எஸ்02.69எக்ஸ், அதாவது குறிப்பிடப்பட்ட வேறு இடம்.

நான் மூன்றாவது கட்சி. மருத்துவர் இடத்தைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறார், அந்த இடத்துக்குத் தொகுதியில் பெயர் இல்லை. 'குறிப்பிடப்பட்ட வேறு' என்ற வகை இருப்பதே அந்த நிலைமைக்காகத்தான். பக்கம் தொலைந்துபோவது எனக்கும் பிடிக்கவில்லை. ஆனால் பக்கத்தைக் காப்பாற்ற இடத்தை மாற்றி எழுதுவது அதைவிட மோசம். இது என் தீர்ப்பு மட்டுமே. உங்கள் நிறுவனத்தில் எழுத்துப்பூர்வமான கொள்கை ஒன்று இருந்து அது 66 என்று சொன்னால், 66 இடுங்கள்; ஒரே நிறுவனத்தில் ஒரே முறிவு ஆளுக்கொரு குறியீட்டில் போவதுதான் உண்மையான கேடு. கொள்கை இல்லையென்றால் இதை ஒருமுறை எழுத்தில் முடிவு செய்யச் சொல்லித் தணிக்கையாளரிடமே கேளுங்கள். அவரும் இந்த இடத்தில் உங்களைக் குற்றம் சொல்ல முடியாது.

குறிப்பில் உள்ள பல் எண்களைப் பற்றி ஒரு வார்த்தை. அமெரிக்காவில் பற்களுக்கு 1 முதல் 32 வரை தொடர் எண். மேல் வலது ஞானப்பல்லில் தொடங்கி, மேல்வரிசை முழுவதும் சுற்றி, கீழ் இடது ஞானப்பல்லில் 17 ஆகி, கீழ் வலதில் 32-இல் முடியும். அதன்படி 22 கீழ் இடது கோரைப்பல், 23 அதற்கு அடுத்த வெட்டுப்பல். ஆக, முறிவுக் கோடு பாராசிம்ஃபைசிஸில்தான் இருக்கிறது, எழுத்தும் எண்ணும் ஒத்துப்போகின்றன. உலகின் பிற பகுதிகளில் பெரும்பாலும் வழங்கும் இரண்டு இலக்க முறையிலோ 22 என்றால் மேல் இடது வெட்டுப்பல். நான் கல்லூரியில் படித்தது இந்த இரண்டாவது முறை. தொழிலுக்கு வந்த முதல் மாதங்களில் இதேபோன்ற ஒரு குறிப்பைப் படித்து, கூடவே மேல்தாடையும் உடைந்திருக்கிறது என்று முடிவுகட்டி, இல்லாத முறிவுக்கு ஒரு குறியீடு சேர்த்து அனுப்பினேன். படித்த படிப்பு செய்த முதல் உபத்திரவம் அது.

இரண்டாவது உபத்திரவம் உங்கள் 'பி' எழுத்தோடு தொடர்புடையது. ஏழாவது எழுத்து ஏ என்றால் மூடிய முறிவு, தீவிர சிகிச்சைக் கட்டம். பி என்றால் அதே கட்டம், திறந்த முறிவு. "திறந்துதான் செய்திருக்கிறார்கள்" என்று நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால், திறந்து செய்த அறுவையைத் திறந்த முறிவு என்று எடுத்துக்கொண்டிருக்கிறீர்கள் என்று தெரிகிறது. இரண்டுக்கும் தொடர்பில்லை. முறிவு திறந்ததா என்பது அடிபட்ட நொடியில் தோலோ வாயின் உட்சவ்வோ கிழிந்து எலும்பு வெளியுலகைப் பார்த்ததா என்பதைப் பொறுத்தது. மருத்துவர் தன் கத்தியால் திறந்தது அதில் சேராது. நோயறிதல் குறியீடும் செய்முறைக் குறியீடும் ஒரே சொல்லை வெவ்வேறு பொருளில் கையாள்வதால் வரும் வினை இது. செய்முறைகளுக்கான சிபிடி தொகுதியில் 21453 என்பது பற்களைக் கட்டி மூடியபடி சிகிச்சை செய்தது, 21462 என்பது திறந்து சிகிச்சை செய்து பற்களையும் கட்டியது. அந்த 'திறந்து' அங்கேயே இருக்கட்டும், ஐசிடி-க்குள் வர வேண்டாம். இதற்கு ஓர் உடன்பிறப்பும் உண்டு: 'காம்பவுண்ட்' என்றால் திறந்த முறிவு; 'காமினியூட்டட்' என்றால் எலும்பு பல துண்டுகளாக நொறுங்கியது, அவ்வளவுதான். வேகமாகப் படிக்கும்போது இரண்டும் ஒன்றுபோலத் தெரியும்.

இப்போது என் கதை. பற்கள் உள்ள பகுதியில் தாடை உடைந்தால் முறிவுக் கோடு பல்லைச் சுற்றியுள்ள தசைநார் இடைவெளி வழியாக வாய்க்குள் திறந்துவிடும். உதட்டிலோ கன்னத்திலோ ஒரு கீறல் இல்லாவிட்டாலும் மருத்துவ நோக்கில் அது திறந்த முறிவுதான். நோய்த்தொற்றுக்கு அஞ்சி எதிருயிரி மருந்து கொடுப்பதும் அதனால்தான். இதைப் படித்துத் தேறியவன் என்ற தைரியத்தில், பற்கள் உள்ள பகுதி முறிவு எது வந்தாலும் பி இட்டுக்கொண்டிருந்தேன். ஒரு வாரத்துக் குறியீடுகள் மொத்தமாகத் திரும்பி வந்தன. மூத்த தணிக்கையாளர் ஒருவர் என்னைக் கூப்பிட்டு, "நீங்கள் சொல்வது உடற்கூறுப்படி சரி. மருத்துவர் எங்கே சொல்லியிருக்கிறார், காட்டுங்கள்" என்றார். நான் பக்கங்களைப் புரட்டினேன். எங்கும் இல்லை.

விதி தெளிவானது: திறந்தது, மூடியது என்று குறிப்பிடாத முறிவை மூடியதாகவே கொள்ள வேண்டும். இதன் விளைவாகப் பல திறந்த முறிவுகள் ஆவணத்தில் மூடியவையாகப் பதிவாகின்றன என்பது எனக்கும் தெரியும், அறுவைச் சிகிச்சையாளர்களுக்கும் தெரியும். அதற்கு மருந்து, நாமாக எழுத்தை மாற்றுவதில் இல்லை, கேட்பதில் இருக்கிறது.

உங்கள் குறிப்பு கேட்டுத் தெளிவதற்கு ஏற்ற வகை. ஈறு கிழிந்து முறிவுக் கோடு தெரிந்தது என்று மருத்துவரே எழுதியிருக்கிறார். அதாவது நீங்கள் இட்ட பி கடைசியில் சரியென்றே ஆகலாம். நீங்கள் அதற்குச் சொன்ன காரணம்தான் தவறு. 'திறந்த' அல்லது 'காம்பவுண்ட்' என்ற சொல் அவர் வாயிலிருந்து வர வேண்டும். கேள்வியை இப்படி எழுதலாம்: "அறுவைக் குறிப்பில் 22, 23 பற்களுக்கு இடையே ஈறு கிழிந்து முறிவுக் கோடு தெரிந்ததாகப் பதிவாகியுள்ளது. இடது பாராசிம்ஃபைசிஸ் முறிவின் வகையைத் தயவுசெய்து குறிப்பிடவும்: திறந்தது, மூடியது, வேறு, தீர்மானிக்க இயலவில்லை." இவ்வளவு போதும். "இது திறந்த முறிவுதானே?" என்று எழுதினால் பதிலை நாமே ஊட்டியதாகும். கட்டணம் எவ்வளவு கூடும் என்ற பேச்சு கேள்வியில் எட்டிப்பார்க்கவே கூடாது.

ஏழாவது எழுத்தில் மற்றவற்றையும் சொல்லிவிடுகிறேன். ஏ, பி இரண்டையும் 'முதல் சந்திப்பு' என்று தொகுதி அழைப்பதால் முதல் நாளுக்கு மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். நாள் கணக்கு இல்லை, சிகிச்சைக் கணக்கு. அவசரப் பிரிவில் ஒருவர் பார்த்து, நான்கு நாள் கழித்து வேறொரு மருத்துவர் தகடு வைத்தாலும் அது ஏ அல்லது பிதான். கம்பியை இறுக்கிப் பார்க்கவும், பின்பு பற்களிலிருந்து கம்பிக்கட்டை எடுக்கவும் வரும்போது டி. அந்த வருகைகளுக்குப் பொதுவான பின்கவனிப்புக் குறியீடுகள் எதையும் இடக்கூடாது. முறிவுக் குறியீட்டோடு டி என்பதே பின்கவனிப்பைச் சொல்லிவிடுகிறது. ஆறத் தாமதமானால் ஜி, சேராமலே போனால் கே. கை, கால் எலும்புகளில் கோணலாகச் சேர்ந்த முறிவுக்கு இருக்கும் எழுத்து எஸ்02 வரிசையில் இல்லை. தாடை கோணலாகச் சேர்ந்து பல் கடிப்பு மாறிய நோயாளி பின்னாளில் வந்தால், பெரும்பாலும் இப்போதைய பிரச்சினைக்கான எம்26 குறியீட்டை முதலில் இட்டு, பழைய முறிவை எஸ் என்ற பின்விளைவு எழுத்தோடு இரண்டாவதாக இடுகிறோம். காண்டைல் உடைந்து மூட்டு இறுகிப்போனவர்களுக்கும் இதே வரிசைதான்.

மேல்தாடையைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் ஒரே குறிப்பில் இரண்டும் அடிக்கடி சேர்ந்து வரும். அது எஸ்02.4. வலது மேல்தாடை முறிவு எஸ்02.40சி, இடது எஸ்02.40டி. இங்கே ஆறாவது இடத்தில் எண் தீர்ந்து எழுத்து வந்துவிட்டது. இந்த டி-யைப் பின்கவனிப்பின் டி என்று நினைத்து ஏழாவதை விட்டுவிடுபவர்கள் உண்டு. மேல்தாடையோடு நடு முகம் உடையும் லெஃபோர்ட் முறிவுகள் மூன்றுக்கும் எஸ்02.411, 412, 413. பிரெஞ்சு அறுவை மருத்துவர் ரெனே லெஃபோர்ட் 1901-இல் பிணங்களின் முகங்களை அடித்து உடைத்துப் பார்த்து வகுத்த கோடுகள் இவை. உண்மையான விபத்தில் முகம் அவர் கோடு போட்டபடி உடைவதில்லை. ஒரு பக்கம் இரண்டாம் வகை, மறு பக்கம் மூன்றாம் வகை என்று வரும். குறியீட்டில் பக்கம் இல்லாததால் இரண்டையும் இட்டு நகர வேண்டியதுதான்.

இன்னும் சில சோதனைகளை உங்கள் குறிப்பில் செய்யுங்கள். பல் உடைந்திருந்தால் எஸ்02.5, பல் இடம் பெயர்ந்தோ விழுந்தோ இருந்தால் எஸ்03.2, இவை தாடை முறிவுக்குள் அடங்கிவிடாது. கீழுதடு மரத்திருக்கிறது என்பதோடு நரம்புக் காயம் என்றும் மருத்துவர் எழுதியிருந்தால் முக்கிளை நரம்புக்கு எஸ்04.3 உண்டு, மரத்துப்போனதை மட்டும் வைத்து நாமாக நரம்பைக் காயப்படுத்தக்கூடாது. மண்டைக்குள் காயம் இருந்தால் எஸ்06 சேர்க்கும்படி எஸ்02-இன் தலைப்பிலேயே குறிப்பு இருக்கிறது. எப்படி அடிபட்டது என்பதற்கான புறக் காரணக் குறியீடு எப்போதும் கடைசி வரிசையில்; அது முதலிடத்துக்கு வரவே கூடாது.

ஒன்றில் மட்டும் கூடுதல் கவனம் வேண்டும். அடியே படாமல், மெல்லும்போது தாடை உடைந்தது என்று படித்தால் கையை எஸ்02-இலிருந்து எடுத்துவிடுங்கள். கதிர்வீச்சுச் சிகிச்சை பெற்ற தாடை, மருந்தால் எலும்பு அழுகிய தாடை, கட்டி அரித்த தாடை எல்லாம் நோயால் உடைபவை. எம்84 வரிசையும் அடிப்படை நோயின் குறியீடும் தேவைப்படும். மருந்தால் வந்த தாடை எலும்பு அழுகலுக்கு எம்87.180 என்று தனியாகவே இருக்கிறது.

உங்கள் குறிப்புக்குத் திரும்புகிறேன். வலதுக்கு எஸ்02.621ஏ. அதை மூடியபடி வைத்துச் சிகிச்சை செய்திருக்கிறார்கள், திறந்த முறிவு என்று யாரும் சொல்லவில்லை. இடதில் பி வந்தாலும் இது ஏ-வாகவே இருக்கும், ஏனென்றால் ஏழாவது எழுத்து ஒவ்வொரு முறிவுக்கும் தனித்தனி. இடதுக்கு எஸ்02.69எக்ஸ் அல்லது உங்கள் நிறுவனத்தின் கொள்கைப்படி வேறு. தகடு வைத்தது அந்தப் பக்கம் என்பதால், மருத்துவர் வேறு விதமாகச் சொல்லாதவரை, சிகிச்சையின் மையமான அதுவே முதல் வரிசையில் இருக்கட்டும். அதன் ஏழாவது எழுத்துக்கு மருத்துவரிடம் கேள்வியை அனுப்பிவிட்டு, பதில் வரும்வரை இதை நிலுவையில் வையுங்கள். கெடு முடிந்தும் பதில் வரவில்லையென்றால் ஏ இட்டு, கேள்வி அனுப்பிய தேதியைக் கோப்பில் குறித்துவிடுங்கள்.